நிலுவையில் இருப்பவள்

பிள்ளைக்குப் பெயர் வைப்பது பெற்றவர்கள் பாடு என்று உலகம் நினைத்துக்கொண்டிருந்த காலம் ஒன்று உண்டு. ஆளாளுக்கு ஒரு புத்தகத்தைப் புரட்டி, கண்ணுக்கு அழகாகப் பட்டதை எடுத்து, இதற்கு அந்த மொழியில் பனித்துளி என்று அர்த்தம், இந்த மொழியில் அரசி என்று அர்த்தம் என்று அடித்துவிட்டுக்கொண்டிருந்தார்கள். பாதி பொய். மீதி, அந்தப் பொய்யைப் பார்த்து எழுதியது. இதை ஒழுங்குபடுத்த வேண்டும் என்று யாரோ ஒரு பெரிய மனிதருக்குத் தோன்றியது. தோன்றாமல் இருந்திருக்கலாம்.

பெயர்ப்பொருள் மெய்ப்புத் துறை அப்படித்தான் பிறந்தது. முதலில் பெயர் எந்த வேரிலிருந்து வந்தது, அதற்கு என்ன பொருள் என்று மட்டும் பார்த்தார்கள். அதுவரை தப்பில்லை. பிறகு ஒரு துணை இயக்குநர், வேரும் சரி பொருளும் சரி, ஆனால் பெயரை வைத்துக்கொண்ட ஆள் அந்தப் பொருளுக்குப் பொருத்தமாக இல்லையென்றால் அது ஊரை ஏமாற்றுவது ஆகாதா என்று கேட்டார். அவருக்குப் பதவி உயர்வு கிடைத்தது. ஜனங்களுக்கு ‘நடைமுறை மெய்ப்பு’ கிடைத்தது. ‘அஞ்சாதவன்’ என்று பொருள்படும் பெயர் கேட்ட கைக்குழந்தையின் காதருகே தகர டப்பாவைத் தட்டினார்கள். குழந்தை அலறியது. மனு திரும்பியது. ‘அமைதியானவள்’ பசி நேரம் பார்த்துப் பரிசோதிக்கப்பட்டாள். ‘வெற்றியாளன்’ என்ற பொருளில் ஆளுக்கொரு பெயர் கேட்ட இரட்டையர்களைப் பாயில் தவழவிட்டு, பின்தங்கியவனுக்கு வேறு பெயர் பார்த்துக்கொள்ளச் சொன்னார்கள். முந்தியவனின் மனுவும் இன்றுவரை மேலிடத்தில்தான் இருக்கிறது.

மெய்ப்பிக்கப்படாத பெயரை எந்தச் சீட்டிலும் எழுதக் கூடாது என்பது சட்டம். பள்ளிச் சீட்டு, பயணச் சீட்டு, மருந்துச் சீட்டு எல்லாம் அதில் அடக்கம்.

ஊரில் லிப்ட் மெக்கானிக் ஒருவர் இருந்தார், அவருக்கு இந்தச் சட்டத்தை யாரும் விளக்க வேண்டியதில்லை. மூத்த பெண் பிறந்தபோது அவரும் மனைவியும் ‘நெடுங்காலம் வாழ்பவள்’ என்று பொருள் வரும் பெயர் ஒன்றை ஆசை ஆசையாகத் தேர்ந்தெடுத்து மனுப் போட்டார்கள். இரண்டு மாதம் ஆகும் சமயத்தில் குழந்தைக்கு நெஞ்சில் சளி கட்டியது. டாக்டர் நல்லவர். குழல் வைத்துக் கேட்டார், என்ன மருந்து என்றுகூட வாயால் சொன்னார். எழுதப் பெயர் இல்லாததால் சீட்டு எழுதவில்லை. சீட்டு இல்லாததால் மருந்துக் கடைக்காரர் மருந்து தரவில்லை. அவரும் நல்லவர்தான். எல்லாரும் நல்லவர்களாக இருந்த அந்த வாரத்தில் குழந்தை செத்துப்போனது.

அது நடந்து நாலு வருஷம். இப்போது இரண்டாவது பெண். அவளுக்கும் இரண்டு மாதம் ஆகிறது. அவளும் நேற்றிலிருந்து இருமுகிறாள். மெக்கானிக் வேலைக்கு லீவு சொல்லிவிட்டுத் துறைக்கு ஓடினார்.

துறையின் கட்டடம் உயரமானது, பச்சை டிஸ்டெம்பர் அடித்தது. வெளியே வெயில் கொளுத்தினாலும் உள்ளே வராந்தாவில் ஈரத்துணி வாசனையும் ஒரு குளிரும் இருந்தன. பெஞ்சுகள் எல்லாம் காலியாகக் கிடந்தன. இருந்தும் உட்காரப் போன இடத்திலெல்லாம் யாரோ இப்போதுதான் எழுந்து போன சூடு இருந்தது. மெக்கானிக் நின்றுகொண்டே காத்திருந்தார்.

பிரிவு எழுத்தர் பெயர் என்ன என்று கேட்கவில்லை. பொருள் என்ன என்றும் கேட்கவில்லை. பழைய கோப்பு ஒன்றைத் திறந்தார்.

“உங்க குடும்பத்துல ஏற்கனவே ஒரு மனு நிலுவையில இருக்கே? ஒரு குடும்பத்துக்கு ஒரு நிலுவைதான். மூத்தது முடிஞ்சாத்தான் இளையது.”

“மூத்தவ இல்லைங்க சார்.”

“இல்லைன்னா?”

“தவறிட்டா. நாலு வருஷம் ஆச்சு.”

எழுத்தர் முதல் தடவையாக நிமிர்ந்து பார்த்தார். அனுதாபப்படுகிறார் என்று மெக்கானிக் நினைத்துக்கொண்டார்.

“யார் சொன்னது? மனு நிலுவையில இருக்கறவங்க உயிரோட இருக்கறதாத்தான் கணக்கு. கணக்குன்னா சும்மா இல்ல, தினம் ஆள் கூப்பிட்டுப் பதிவு பண்றோம். உங்க பொண்ணு ஒரு நாள்கூட மட்டம் போட்டதில்ல. இந்த ஒழுங்கு யார்கிட்டேருந்து வந்துச்சோ!”

“சார், என் கையாலதான் புதைச்சேன்.”

“அது உங்க சொந்த விஷயம்” என்றார் எழுத்தர், மரியாதையாகவே.

அந்த நேரத்தில் ப்யூன் வராந்தாவுக்கு வந்து, தொண்டையைச் செருமிக்கொண்டு, நிலுவைப் பெயர்களை ஒவ்வொன்றாகக் கூப்பிட ஆரம்பித்தார். யாரும் இல்லாத வராந்தாவிலிருந்து ஒவ்வொரு பெயருக்கும் பதில் வந்தது. ஒரு பெரியவரின் கரகரத்த “இருக்கேன்”. மீசை முளைக்கும் வயதில் உடைந்த ஒரு “உள்ளேன்”. யாரோ ஒரு பெண் பாதித் தூக்கத்தில் “ம்” என்றாள். ப்யூன் ஒவ்வொன்றுக்கும் ஒரு டிக் போட்டுக்கொண்டே போனார். பிறகு மூத்தவளின் பெயரைக் கூப்பிட்டார்.

“வந்துட்டேன்!”

எங்கேயோ தூரத்தில் விளையாடிக்கொண்டிருந்துவிட்டு மூச்சிரைக்க ஓடி வந்து சொன்ன குரல். மழலை இன்னும் முழுசாகப் போகவில்லை. செத்த குழந்தைக்கு அழத்தான் தெரியும் என்று மெக்கானிக் நாலு வருஷமாக நினைத்துக்கொண்டிருந்தார். அவள் பேசக் கற்றுக்கொண்டிருந்தாள். யார் கற்றுக்கொடுத்தார்கள் என்று நினைத்தபோது அவருக்குப் பயத்தைவிடப் பொறாமைதான் அதிகமாக வந்தது.

குரல் வந்த திசையில் ஓடினார். வராந்தாவின் கடைசியில் லிப்ட் இருந்தது. அவர் போவதற்குள் அது தானாகக் கீழே இறங்கியது, நின்றது, கதவைத் திறந்து மூடியது, மறுபடி மேலே போனது. கூப்பிடாமல் லிப்ட் வராது. இது அவருடைய தொழில். கயிற்றிலும் பிரேக்கிலும் கோளாறு இருந்தால் சத்தம் வேறு மாதிரி இருக்கும். திரும்பி வந்த லிப்டுக்குள் எட்டிப் பார்த்தார். மேல் வரிசைப் பொத்தான்கள் புதுசு போல இருந்தன. கீழ் வரிசைப் பொத்தான்கள் மட்டும் தேய்ந்து, எழுத்து அழிந்து, பிசுபிசுவென்று இருந்தன. அந்த வரிசை அவருடைய பெல்ட் உயரத்தில் இருந்தது.

“தம்பி, ஈரத்துல மிதிக்காதீங்க. ஏற்கனவே ஒண்ணு மிதிச்சிட்டுப் போயிருக்கு.”

தரை துடைக்கிற அக்கா மாப்பை ஊன்றிக்கொண்டு நின்றிருந்தாள். அவள் காட்டிய இடத்தில் ஈரத்தரையில் சின்னச் சின்னப் பாதங்கள், விரல் நுனியில் ஓடிய மாதிரி.

“அக்கா… அது…”

“நீங்கதான் அப்பாவா? மூக்கைப் பாத்தாலே தெரியுது. எங்க, அது முகத்தைப் பாக்க முடியுது? கண்ணாடிக் கதவுல எப்பவாவது ஒரு நிழல் விழும், அதுல பாத்ததுதான்.” அக்கா அலுத்துக்கொண்டாள். “நிலுவையில இருக்கறவங்களுக்கு வயசு ஏறக் கூடாதுன்னு சுற்றறிக்கை போட்டிருக்காங்க. அது குழந்தை, படிக்கத் தெரியாது. அது பாட்டுக்கு வளருது.”

“மனுவை முடிச்சிட்டா என்னக்கா ஆகும்?”

அக்கா மாப்பை மறுபடி எடுத்தாள். தரையைத் துடைத்தாள், அந்தப் பாதங்களை விட்டுவிட்டுச் சுற்றித் துடைத்தாள்.

“போன வருஷம் ஒரு பெரியவர் மனுவை அவரு மகன் வந்து வாபஸ் வாங்கினாரு. மறுநாள் கூப்பிட்டாங்க, பதில் இல்ல. அவ்ளோதான். பெஞ்சுல அவரு இடம்கூட ஜில்லுனு ஆயிடுச்சு.”

வீட்டுக்கு வந்து மனைவியிடம் எல்லாவற்றையும் சொன்னார். மனைவி துணிக்கடைக் கல்லாவில் உட்கார்ந்து நாலு விதமான மனிதர்களைப் பார்த்தவள். லேசில் எதையும் நம்புகிற ஆளில்லை. இருமும் குழந்தையைத் தோளில் போட்டு முதுகைத் தட்டிக்கொண்டே கேட்டாள். உங்களுக்குப் பைத்தியமா என்று கேட்பாள் என்று அவர் எதிர்பார்த்தார்.

“எவ்ளோ உயரம் இருப்பா?” என்றாள்.

அவர் கையைப் பெல்ட்டுக்குப் பக்கத்தில் வைத்துக் காட்டினார். அவள் அந்தக் கைக்குக் கீழே இருந்த வெற்றிடத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“மூத்தவ மனுவை முடிச்சாத்தான் இவ மனுவை எடுப்பாங்களாம்” என்றார் அவர்.

“முடிக்காதீங்க. உங்க கால்ல வேணா விழறேன்.”

“அப்ப இவ?”

தோளில் கிடந்தது இருமியது. ஒரு கண்ணில் வெண்ணெய், ஒரு கண்ணில் சுண்ணாம்பு என்பார்கள். இங்கே இரண்டு கண்ணிலும் சுண்ணாம்பு.

மறுநாள் காலை குழந்தைக்கு மூச்சு விசில் அடித்தது. மனைவி டாக்டரிடம் கெஞ்சிப் பார்க்கப் போனாள். மெக்கானிக் இயக்குநரைப் பார்க்கப் போனார்.

இயக்குநரின் அறையில் ஜன்னல்கள் சாத்தியிருந்தன. மேசை நிறையத் தேநீர் டம்ளர்கள். எல்லாவற்றிலும் ஆடை படிந்து காய்ந்திருந்தது. ஒன்றிலும் வாய் வைத்த தடமில்லை. பக்கத்தில் வேர் நிபுணர் உட்கார்ந்திருந்தார். எந்தச் சொல்லைச் சொன்னாலும் அது வேறெங்கிருந்தோ வந்தது என்று நிரூபிப்பது அவருடைய உத்தியோகம்.

“இந்தத் துறை ஆரம்பிச்சதிலேருந்து ஒரு தப்பான பொருள்கூட வெளிய போனதில்ல” என்று தொடங்கினார் இயக்குநர்.

“சரியானது எத்தனை சார் போயிருக்கு?”

“எதுவுமே போனதில்ல. அதனாலதான் தப்பும் போகல. துல்லியம்னா என்னன்னு நினைச்சீங்க?” வேர் நிபுணர் உருகிப்போய்த் தலையாட்டினார். “என் பேரே இன்னும் நிலுவையிலதான் இருக்கு. ‘கடமை தவறாதவன்’னு பொருள். சலுகை வேண்டாம்னுட்டேன். நடைமுறையில மெய்ப்பிச்சுக் காட்டறேன்னு உட்கார்ந்தவன்தான், எழுந்திருக்கவே இல்ல. நான் செத்த அன்னைக்குக்கூட லீவு போடல.”

மெக்கானிக் மரியாதைக்குச் சிரித்தார். வேறு யாரும் சிரிக்கவில்லை. டம்ளர்களைப் பார்த்தார். சிரிப்பு பாதியில் நின்றுவிட்டது.

“சார், கைக்குழந்தை மூச்சு விட முடியாமக் கெடக்கு. மூத்தவளும் இருக்கட்டும், இவளுக்கும் ஒரு பேரு…”

“அது எப்படி? ‘நெடுங்காலம் வாழ்பவள்’னு நீங்கதான் எழுதிக் குடுத்திருக்கீங்க. இரண்டு மாசத்துல போயிட்டான்னும் நீங்கதான் சொல்றீங்க. துறைக்குப் பொய்த் தகவல் குடுத்தது யாரு?”

“மருந்துச் சீட்டு எழுதாததாலதானே சார் போனா?”

“பேரில்லாம சீட்டு எழுதியிருந்தா சட்டம் பொய்யாகியிருக்கும். குழந்தை போனதால பொருள் பொய்யாச்சு. ஏதாவது ஒண்ணு பொய்யாகத்தானே வேணும்? சட்டம் பெருசு. பொருள் சின்னது. நீங்களே சொல்லுங்க.” இயக்குநர் குரலைத் தணித்தார். “ஒண்ணும் பெரிய வேலை இல்ல. வராந்தாவுல நின்னு பேரைக் கூப்பிடுங்க. ‘வந்துட்டேன்’னு பதில் வந்ததும் ‘பொய்’னு சத்தமா ஒரு வார்த்தை. பதிவிலேருந்து அடிச்சிடுவோம். வலிக்காது.”

“யாருக்கு சார்?”

இயக்குநர் வேர் நிபுணரைப் பார்த்தார். அது பற்றிச் சுற்றறிக்கை எதுவும் இல்லை என்று வேர் நிபுணர் உதட்டைப் பிதுக்கினார்.

மெக்கானிக் வராந்தாவுக்கு வந்தார். ப்யூன் பேனாவைத் திறந்து வைத்துக்கொண்டு பின்னால் நின்றார். நாலு வருஷமாக அந்தப் பெயரை அவர் வாய்விட்டுச் சொன்னதில்லை. இப்போது சொன்னார்.

“வந்துட்டேன்!”

குரல் அவர் இடுப்புக்குப் பக்கத்திலேயே கேட்டது. கால்சட்டைத் துணி லேசாக ஒரு பக்கம் இழுபட்டது. அந்த நேரம் பார்த்துப் படிக்கட்டிலிருந்து இருமல் சத்தம் ஏறி வந்தது, இருமலுக்கும் விசிலுக்கும் நடுவில் ஒரு சத்தம். அவருடைய சின்ன மகளின் சத்தம். இதற்குமேல் யோசிக்க என்ன இருக்கிறது என்று நினைத்தார். வாயைத் திறந்தார்.

“பொ…”

மனைவியின் கை வந்து வாயைப் பொத்தியது. ஒரு கையில் குழந்தை, மறு கை அவர் முகத்தில். படி ஏறி வந்ததில் அவளுக்கு இரைத்தது.

“பெத்த பிள்ளையைப் பாத்துச் சொல்ற வார்த்தையா அது?” என்றாள். “டாக்டரு எழுத மாட்டேங்கறாரு. நகருங்க, நான் பேசறேன்.”

அவள் நேரே இயக்குநர் அறைக்குள் போய், டம்ளர்களை ஒதுக்கித் தள்ளிவிட்டு, குழந்தையை மேசைமேல் கிடத்தினாள்.

“எங்க மூத்தவ உங்க கணக்குல இருக்காளா, இல்லையா?”

“இருக்கா. தினம் பதிவாகுது.”

“நாலு வருஷமா?”

“நாலு வருஷமா.”

“அப்ப நெடுங்காலம் வாழ்ந்துட்டுத்தானே இருக்கா? பொருள்ல என்ன பொய்?”

இயக்குநரின் உத்தியோக வாழ்க்கையில், அதற்குப் பிந்தைய காலத்தையும் சேர்த்து, ஒரு பொருள் சரியாக இருந்து அவர் பார்த்ததில்லை. “தத்துவமா பாத்தா சரிதான்” என்று இழுத்தார். “ஆனா ஆளை நேர்ல காட்டணுமே.”

“இதோ காட்டறேன். இவதான் அவ.”

“அம்மா, மனுப் போட்டு நாலு வருஷம். இது கைக்குழந்தை.”

வேர் நிபுணர் துள்ளி எழுந்தார். பல வருஷமாக அவருக்கு இப்படி ஒரு சந்தர்ப்பம் வாய்க்கவில்லை. “சார்! நிலுவைக் காலம் வயசுல சேராது. நம்ம சுற்றறிக்கைதான். மூத்த குழந்தையோட வயசு அன்னைக்கு இரண்டு மாசம். அப்போ இன்னைக்கும் இரண்டு மாசம். இந்தக் குழந்தைக்கு எவ்வளவு?”

“இரண்டு மாசம்” என்றாள் மனைவி.

“கணக்கு டாண்ணு உக்காருது சார்!”

“அப்போ அந்த நாலு வருஷம்?” என்றார் இயக்குநர்.

“வாழ்ந்த காலத்துல சேரும். வயசுல சேராது.”

இயக்குநர் கண் கலங்கினார். துறையின் வரலாற்றில் முதல் மெய்ப்பு. முத்திரையைத் தேடினார்கள். அது பெட்டியோடு பெட்டியாக ஒட்டிப்போயிருந்தது. எழுத்தர் அதைக் காகிதக் கத்தியால் நெம்பி எடுத்துக்கொண்டிருந்தபோது இயக்குநர் விரலை உயர்த்தினார்.

“ஒண்ணு பாக்கி. இப்போ பதிவுல இருக்கறவங்க தனக்கு ஆட்சேபணை இல்லைன்னு சொந்த வாயால சொல்லணும். இல்லாட்டி பின்னாடி வழக்கு வரும்.”

இதற்கு மனைவி தயாராக இருக்கவில்லை. அதிகாரிகளை மடக்கும்வரை அவளுக்கு வீராப்பு இருந்தது. இப்போது முகம் வெளுத்துவிட்டது. குழந்தையை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டு வராந்தாவுக்கு வந்தாள். எல்லாரும் பின்னால் வந்தார்கள். அவள் மண்டியிட்டு உட்கார்ந்து, கணவர் முந்தின நாள் காட்டிய உயரத்தைப் பார்த்து அந்தப் பெயரைச் சொன்னாள்.

“வந்துட்டேன்” என்றது காற்று. பிறகு, சந்தேகமாக, “நீ யாரு?”

“அம்மா.”

அந்தக் குழந்தைக்கு வார்த்தை புதுசு போல.

“கண்ணு, தங்கச்சிக்கு உடம்பு சரியில்ல. மருந்து வேணும். மருந்து வாங்க ஒரு பேரு வேணும். உன் பேரை அவளுக்குப் போட்டு விடட்டுமா?”

எந்த வீட்டிலும் நடக்கிற பேச்சுதான். அக்காவின் சட்டையைத் தங்கைக்குப் போடுவதற்கு இப்படித்தான் கேட்பார்கள். இத்தனை வருஷம் அந்தக் குழந்தைக்கு இருந்த ஒரே பொருள் அதுதான் என்று மெக்கானிக் நினைத்தார். பொம்மை இல்லை, தட்டு இல்லை, துணி இல்லை. தினம் ஒரு முறை யாரோ கூப்பிடுகிற அந்தப் பெயர் மட்டும்.

“திருப்பித் தருவாளா?”

“தருவா. கண்டிப்பாத் தருவா.”

“எப்போ?”

“நூறு வயசு ஆனதும் தருவா.”

நூறு என்றால் எவ்வளவு என்று அந்தக் குழந்தைக்கு யாரும் சொல்லிக்கொடுத்திருக்கவில்லை.

“சரி. அதுவரைக்கும் நான் லிப்ட்ல விளையாடறேன்.”

ப்யூன் ‘ஆட்சேபணை இல்லை’ என்று எழுதினார். முத்திரை இரண்டாவது அடியில் விழுந்தது. துறை வெளியிட்ட முதல் சான்றிதழ் அது. அதில் இருந்த பெயரின் வேர் சரி, பொருள் சரி, ஆள் மட்டும் வேறு. இயக்குநர் எல்லாருக்கும் கை கொடுத்தார். அவருடைய கையைப் பிடித்தவர்கள் அதைப் பற்றிப் பிறகு யாரிடமும் பேசவில்லை.

குழந்தை பிழைத்துக்கொண்டது என்பதை இப்போதே சொல்லிவிடுகிறேன். உங்களைத் தவிக்க விட்டு எனக்கு ஆகப்போவது ஒன்றுமில்லை. அன்று மதியமே டாக்டர் சீட்டு எழுதினார், கடைக்காரர் மருந்து கொடுத்தார், இருவரும் எப்போதும்போல நல்லவர்களாக இருந்தார்கள்.

ஆனால் அதற்கு முன்னால், மெக்கானிக் சான்றிதழைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு படியில் அவசரமாக இறங்கும்போது, மனைவி நின்றுவிட்டாள். போய்வருகிறேன் என்று ஒரு வார்த்தை சொல்லாமல் போக அவளுக்கு மனம் வரவில்லை. திரும்பி, வெற்று வராந்தாவைப் பார்த்து, பழக்கத்தில் அந்தப் பெயரையே சொல்லிக் கூப்பிட்டாள்.

தோளில் கிடந்தவள்தான் முனகினாள்.